சொத்துத் தகராறில் பொதுநல வழக்கு: எது எடுபடும், எது எடுபடாது

பக்கத்து நிலத்துக்காரர் வேலியை இரண்டடி தள்ளிப் போட்டுவிட்டார். கிராம நிர்வாக அலுவலர் கண்டுகொள்ளவில்லை. காவல் நிலையத்தில் "இது சிவில் மேட்டர், கோர்ட்டுக்குப் போங்க" என்று கையை விரித்துவிட்டார்கள். இந்தக் கட்டத்தில் யாராவது ஒருவர் வந்து, "ஐகோர்ட்ல ஒரு பொதுநல வழக்குப் போட்டுடுங்க, கலெக்டரே வந்து நிப்பாரு" என்பார்.

அந்த ஆசைக்குக் காரணம் இல்லாமல் இல்லை. சிவில் வழக்கில் உரிமை விளம்புகையும் (சொத்து எனக்கு உரியது என்ற நீதிமன்ற அறிவிப்பு) சுவாதீனமும் (நிலத்தைக் கையில் பெறுவது) சேர்த்துக் கேட்டால், தமிழ்நாட்டில் சொத்தின் சந்தை மதிப்பில் 3 சதவீதம் நீதிமன்றக் கட்டணம். 20 லட்சம் ரூபாய் மனைக்கு 60,000 ரூபாய். ரிட் மனு என்பது அதிகாரிக்கு உத்தரவிடக் கேட்டு உயர் நீதிமன்றத்தில் போடுவது; பொதுநல வழக்கும் அதில் ஒரு வகை. அதற்கு இதோடு ஒப்பிட்டால் கட்டணம் சொற்பம். சாட்சி விசாரணை கிடையாது, வாய்தா குறைவு, ஆட்சியரையும் வட்டாட்சியரையும் எதிர்மனுதாரராக நிறுத்தலாம். ஆனால் தனிச் சொத்துத் தகராறைப் பொதுநல வழக்காக மாற்றிக் கொண்டுபோனால் பெரும்பாலும் முதல் விசாரணையிலேயே தள்ளுபடி ஆகும். சில சமயம் வழக்குச் செலவுத் தொகையும் தலையில் விழும். அதைவிடப் பெரிய இழப்பு வேறொன்று: சிவில் வழக்குக்கான காலவரம்பு அதற்குள் ஓடிவிடுகிறது.

சட்டம் கோடு போடும் இடம்

உயர் நீதிமன்றத்தில் பொதுநல வழக்கு அரசியலமைப்பின் 226-வது உறுப்பின் கீழ் வருகிறது. உச்ச நீதிமன்றத்துக்கு நேரடியாகப் போவது 32-வது உறுப்பின் கீழ். 32 அடிப்படை உரிமைகளுக்கு மட்டும்தான். சொத்துரிமை 1978-ன் 44-வது திருத்தத்தோடு அடிப்படை உரிமைகள் பட்டியலிலிருந்து வெளியே வந்துவிட்டது. இப்போது அது 300அ உறுப்பின் கீழுள்ள அரசியலமைப்பு உரிமை. ஆகவே வேலித் தகராறோடு நேராக டெல்லிக்குப் போவதில் அர்த்தமில்லை. கடிதங்களைப் பொதுநல மனுவாக எடுத்துக்கொள்வதற்கு உச்ச நீதிமன்றம் 1988-ல் வகுத்த வழிகாட்டுதல்களில், வீட்டு உரிமையாளர் - வாடகைதாரர் விவகாரம் ஏற்கத்தகாதது என்று பெயர் சொல்லியே ஒதுக்கப்பட்டிருக்கிறது.

226-ன் கீழும் நிலைமை தெளிவு. 1992-ல் மோகன் பாண்டே வழக்கிலேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது: தனிநபர்களுக்கு இடையிலான சொத்துரிமைத் தகராறுக்கு வழி சிவில் வழக்குதான், சட்டப்படியான ஓர் அதிகாரி தன் சட்டக் கடமையைச் செய்யத் தவறினார் என்ற குற்றச்சாட்டு இருந்தால் மட்டுமே ரிட் அதிகாரத்தைத் தொடலாம். 2010-ல் ஷாலினி ஷியாம் ஷெட்டி வழக்கும் 2018-ல் ரோஷினா வழக்கும் இதையே திரும்பவும் உறுதிப்படுத்தின. ரிட் மனுவில் குறுக்கு விசாரணை கிடையாது. இரண்டு விற்பனைப் பத்திரங்களில் எது உண்மை, இருபது வருடமாக அனுபவத்தில் இருந்தவர் யார் என்பதையெல்லாம் பிரமாணப் பத்திரங்களை வைத்து மட்டும் முடிவு செய்ய முடியாது.

ஆகவே கேட்டுக்கொள்ள வேண்டிய முதல் கேள்வி "எனக்கு அநியாயம் நடந்ததா" என்பதல்ல. "எந்த அதிகாரி, எந்தச் சட்டத்தில் அவர் மேல் சுமத்தப்பட்ட எந்த வேலையைச் செய்யவில்லை" என்பதுதான். இதற்கு ஒரு வரியில் பதில் எழுத முடியவில்லை என்றால் உயர் நீதிமன்றத்தில் உங்களுக்கு வழக்கு இல்லை.

முதல் படி: நிலம் யாருடையது என்று பதிவேட்டில் பாருங்கள்

ஊரில் எல்லோரும் "புறம்போக்கு" என்று சொல்வது பதிவேட்டில் பட்டா நிலமாக இருக்கும். "எங்கள் தாத்தா காலத்துப் பாதை" என்பது பக்கத்து வீட்டுக்காரரின் சர்வே எண்ணுக்குள் ஓடும். அதனால் வழக்கறிஞரிடம் போகும் முன்பே நான்கு காகிதங்களைக் கையில் வைத்துக்கொள்ளுங்கள்: அ-பதிவேட்டு (கிராம நிலங்களின் வருவாய்ப் பதிவேடு) நகல், புலப்படம் (ஒரு சர்வே எண்ணின் அளவு வரைபடம்), கிராம வரைபடம், வில்லங்கச் சான்று. அ-பதிவேட்டு விவரத்தை வருவாய்த் துறையின் இணையச் சேவைத் தளத்தில் பார்க்கலாம். வில்லங்கச் சான்று பதிவுத் துறையின் தளத்தில் கிடைக்கும்.

அ-பதிவேட்டில் ஒரு வரியை இப்படிப் படிக்க வேண்டும். சர்வே எண், உட்பிரிவு, பழைய எண்; பிறகு ரயத்துவாரியா (தனியார் பட்டா நிலம்), அரசு நிலமா என்ற வகை; நன்செயா புன்செயா; பரப்பு ஹெக்டேர்-ஏர் கணக்கில் (ஓர் ஏர் என்பது 100 சதுர மீட்டர்); தீர்வை; பட்டா எண்ணும் பெயரும்; கடைசியில் குறிப்பு. பலரும் பெயரை மட்டும் பார்த்துவிட்டு மூடிவிடுவார்கள். உயிர் இருப்பது குறிப்புப் பகுதியில்தான். "ஓடை", "வண்டிப்பாதை", "ஏரி", "மேய்க்கால்", "மந்தைவெளி", "களம்" என்று ஏதாவது இருந்தால் அது பொதுப் பயன்பாட்டுக்கு ஒதுக்கிய நிலம். பொதுநல வழக்குக்கு அடிப்படை கிடைத்துவிட்டது. பட்டா எண்ணோடு தனிநபர் பெயர் இருந்து குறிப்புப் பகுதி வெறுமையாக இருந்தால், உங்கள் பிரச்சினை அநேகமாக சிவில் நீதிமன்றத்துக்குரியது.

இரண்டு இடங்களில் வழுக்கும். ஒன்று, கிராம நத்தம், அதாவது ஊரின் குடியிருப்புப் பகுதி. நத்தம் என்ற சொல்லைப் பார்த்ததும் அரசு நிலம் என்று நினைத்து வழக்குப் போடுகிறவர்கள் அதிகம். குடியிருப்பாக அனுபவித்து வரும் நத்தம் மனை அரசுக்குச் சொந்தமானதல்ல என்று சென்னை உயர் நீதிமன்றம் பல தீர்ப்புகளில் சொல்லியிருக்கிறது. அதை ஆக்கிரமிப்பு என்று சொல்லிக் காலி செய்யக் கேட்டால் மனு நிற்காது. இன்னொன்று, யு.டி.ஆர். பதிவுகள். நிலப் பதிவேடுகளைப் புதுப்பித்த அந்தத் திட்டத்தில் சில இடங்களில் ஓடையும் பாதையும் தனிநபர் பெயருக்கு ஏறியிருக்கின்றன, தனிநபர் நிலம் புறம்போக்காகவும் பதிவாகியிருக்கிறது. இன்றைய பதிவேட்டை மட்டும் நம்பாமல் அதற்கு முந்தைய நிலவரித்திட்டப் பதிவேட்டின் நகலையும் கேட்டு வாங்குங்கள். வட்டாட்சியர் அலுவலகமோ ஆட்சியர் அலுவலகப் பதிவறையோ தரத் தாமதித்தால், 10 ரூபாய் கட்டணத்தில் தகவல் அறியும் உரிமைச் சட்ட மனு போடுங்கள். 30 நாளில் பதில் வர வேண்டும். வராவிட்டால் அடுத்த 30 நாளுக்குள் முதல் மேல்முறையீடு.

புலப்படத்தையும் கிராம வரைபடத்தையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். பாதை என்று நீங்கள் சொல்லும் இடம் தனி உட்பிரிவாக, அளவுகளோடு வரையப்பட்டிருக்கிறதா? இரண்டு பட்டா நிலங்களுக்கு நடுவே வரப்பு மேல் நடந்து போகும் ஒற்றையடிப் பாதை புலப்படத்தில் இருக்காது. அது அரசுப் பாதை ஆகாது. உங்களுக்கு இருப்பது வசதியுரிமை, அதாவது அடுத்தவர் நிலத்தின் வழியே போகும் உரிமை. 1882-ம் ஆண்டு வசதியுரிமைச் சட்டத்தின் 15-வது பிரிவின்படி 20 ஆண்டு தடையில்லாத அனுபவத்தை நிரூபிக்க வேண்டும். அதற்கு சாட்சி வேண்டும், சாட்சிக்கு சிவில் நீதிமன்றம் வேண்டும்.

இரண்டாம் படி: கடமை தவறிய அலுவலரைக் கண்டுபிடியுங்கள்

வருவாய்ப் புறம்போக்கு என்றால் 1905-ம் ஆண்டு தமிழ்நாடு நில ஆக்கிரமிப்புச் சட்டம். பெரும்பாலும் வட்டாட்சியர்தான் நடவடிக்கை எடுப்பார்: 7-வது பிரிவில் நோட்டீஸ், 6-வது பிரிவில் வெளியேற்றும் உத்தரவு, 10-வது பிரிவில் மேல்முறையீடு. பொதுப்பணித் துறைக் கட்டுப்பாட்டில் வந்த ஏரி, கண்மாய் என்றால் 2007-ம் ஆண்டுச் சட்டம், நீர்வளத் துறைப் பொறியாளர். நெடுஞ்சாலை ஓரம் என்றால் 2001-ம் ஆண்டு நெடுஞ்சாலைச் சட்டம். கோயில் நிலம் என்றால் இந்து சமய அறநிலையச் சட்டத்தின் 78-வது பிரிவு, இணை ஆணையர். அனுமதியில்லாத கட்டடம் என்றால் 1971-ம் ஆண்டு நகர், ஊரமைப்புச் சட்டத்தின் 56, 57 பிரிவுகள். இவற்றில் எதிலும் உட்காராத புகார் தனிநபர் தகராறாக இருக்கவே வாய்ப்பு அதிகம்.

பட்டா மாறுதல் தகராறைப் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் இதில்தான் அதிகம் பேர் ஏமாறுகிறார்கள். "தாசில்தார் தவறாகப் பட்டா கொடுத்துவிட்டார், அதனால் இது அரசு அதிகாரியின் கடமைத் தவறு, ஆகவே பொதுநல வழக்கு" என்ற வாதம் கேட்க நன்றாக இருக்கும். ஆனால் 1983-ம் ஆண்டு பட்டா பாஸ்புத்தகச் சட்டத்திலேயே 12-வது பிரிவில் கோட்டாட்சியரிடம் மேல்முறையீடும், 13-வது பிரிவில் சீராய்வும் இருக்கின்றன. உரிமையே தகராறில் இருந்தால் வருவாய் அதிகாரிகள் தீர்ப்புச் சொல்லாமல் சிவில் நீதிமன்றத்துக்கு அனுப்ப வேண்டும் என்று 2011-ல் விஷ்வாஸ் ஃபுட்வேர் வழக்கில் சென்னை உயர் நீதிமன்றம் கூறியது. பட்டா உங்கள் குடும்பச் சொத்துக்கானது என்றால் பாதிக்கப்பட்டது நீங்கள் ஒருவர்தான். பொதுமக்கள் அதற்குள் வரவில்லை.

மூன்றாம் படி: மனுக் கொடுத்து, காத்திருந்து, சான்று சேருங்கள்

அதிகாரியிடம் கேட்காமலேயே நீதிமன்றத்துக்குப் போனால், "மறுத்தது யார்?" என்ற கேள்விக்குப் பதில் இருக்காது. உரிய அலுவலருக்கு எழுத்தில் மனு கொடுங்கள். அதில் சர்வே எண், உட்பிரிவு, பதிவேட்டு வகை, ஆக்கிரமிப்பின் தோராயமான நீள அகலம், தேதியிட்ட புகைப்படம் இருக்கட்டும். "சமூக விரோதிகள்", "நில மாஃபியா" போன்ற வார்த்தைகள் வேண்டாம். அவை உங்கள் பகையைக் காட்டிக்கொடுக்கும். நேரில் கொடுத்தால் முத்திரையிட்ட நகல், தபாலில் அனுப்பினால் ஒப்புகை அட்டை. முதலமைச்சர் தனிப்பிரிவு, மக்கள் குறைதீர்க்கும் நாள் மனுக்களின் பதிவு எண்களையும் வைத்துக்கொள்ளலாம். ஆனால் சட்டப்படியான அதிகாரியிடம் கொடுத்த மனுவுக்கு அவை மாற்றாகாது.

அரசு நில ஆக்கிரமிப்புப் புகார்களுக்கென்றே 2014 டிசம்பர் 4 தேதியிட்ட வருவாய்த் துறை அரசாணை 540 இருக்கிறது. அந்த வழியில் போகாமல் வரும் மனுக்களை உயர் நீதிமன்றம் அந்த வழிக்கே திருப்பி அனுப்புவது வழக்கம். முதலிலேயே அதன்படி மனு கொடுத்துவிட்டால் நீதிமன்றத்தில் ஒரு சுற்று மிச்சம்.

நான்காம் படி: உங்கள் சொந்த நலனை நீங்களே குறுக்கு விசாரணை செய்யுங்கள்

2010-ல் பல்வந்த் சிங் சௌஃபால் வழக்கில் உச்ச நீதிமன்றம் பொதுநல மனுக்களுக்கு வடிகட்டி வைத்தது. மனுதாரர் யார், சொல்லும் விவரம் மேலோட்டமாகவாவது சரியா, சொந்த லாபமோ பழிவாங்கும் நோக்கமோ இருக்கிறதா என்று ஏற்கும் முன்பே பார்க்க வேண்டும் என்றது. உள்நோக்கம் தெரிந்தால் மற்றவர்களுக்குப் பாடமாகும்படி கடுமையான செலவுத் தொகை விதிக்கச் சொன்னது. ஒவ்வொரு உயர் நீதிமன்றமும் விதிகள் வகுக்க வேண்டும் என்றும் கூறியது. சென்னை உயர் நீதிமன்றத்தின் விதிகள் அதே ஆண்டில் வந்தன. அவற்றின்படி பிரமாணப் பத்திரத்தில், வழக்கைச் சொந்தப் பணத்தில் நடத்துகிறேன், என் வருமானம் இவ்வளவு, இதே விஷயத்தில் வேறு பொதுநல வழக்கு என் அறிவுக்கு எட்டியவரை இல்லை, தனிப்பட்ட ஆதாயமோ உள்நோக்கமோ இருப்பதாகக் கண்டால் செலவுத் தொகை கட்டுவேன் என்றெல்லாம் உறுதி சொல்ல வேண்டும்.

இங்கேதான் பக்கத்து வீட்டுக்காரர் சிக்குகிறார். ஆக்கிரமிப்பாளர் என்று சொல்லப்படுபவரின் மனைக்கு அடுத்த மனை மனுதாரருடையது. அந்தப் பாதை திறந்தால் அவர் நிலத்தின் விலை இரண்டு மடங்காகும். அல்லது இருவருக்கும் ஏற்கெனவே மாவட்ட முன்சீப் நீதிமன்றத்தில் வழக்கு. எதிர்த்தரப்பு வழக்கறிஞர் வரைபடத்தை நீட்டி இதைச் சொல்ல இரண்டு நிமிடம் போதும். மறைத்து வைத்தது வெளியே வந்தால் நல்ல அடிப்படை உள்ள மனுவும் கவிழ்ந்துவிடும். விடுதலைப் பத்திரம் (உரிமையை விட்டுக்கொடுத்த பத்திரம்) ஒன்றை மறைத்துப் பெற்ற தீர்ப்பு செல்லவே செல்லாது என்று 1993-ல் செங்கல்வராய நாயுடு வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்த்தது. ஆகவே பக்கத்து நிலம் உங்களுடையது என்றால் முதல் பக்கத்திலேயே சொல்லிவிடுங்கள். அப்படிச் சொன்ன பிறகு பொதுநல வழக்கு என்ற பெயர் ஒட்டாது என்று தோன்றினால், உங்கள் சொந்தப் பெயரில் சாதாரண ரிட் மனுவாகவே போடலாம். பொதுப்பாதை அடைபட்டு நேரடியாகப் பாதிக்கப்பட்டவருக்கு அந்த உரிமை உண்டு. இது பலருக்குத் தெரிவதில்லை. "பொதுநல" என்ற பட்டம் இருந்தால்தான் ஐகோர்ட் கதவு திறக்கும் என்று நினைக்கிறார்கள்.

சங்கத்தின் பெயரிலோ உறவினர் பெயரிலோ வேறொருவரை முன்னால் நிறுத்துவது பழைய தந்திரம். நீதிமன்றம் அதைப் பல தடவை பார்த்துவிட்டது. மகாராஷ்டிரத்திலிருந்து வந்த ஒரு வழக்கில், சட்டவிரோதக் கட்டடம் என்று பொதுநல மனு போட்டவர் ஒரு வழக்கறிஞர். அந்த வழக்கு பணம் பறிக்கும் கருவியாகப் பயன்பட்டது என்று கண்ட உயர் நீதிமன்றம் 25,000 ரூபாய் செலவுத் தொகை விதித்தது. 2004-ல் உச்ச நீதிமன்றம் அதை உறுதி செய்தது. சில சமயம் மனுதாரரின் நேர்மையைக் காட்ட முன்கூட்டியே ஒரு தொகையைக் கட்டச் சொல்வதும் உண்டு.

ஐந்தாம் படி: யாரைச் சேர்ப்பது, என்ன கேட்பது

ஆக்கிரமிப்பாளர் என்று நீங்கள் சொல்லும் நபரைக் கட்டாயம் எதிர்மனுதாரராகச் சேருங்கள். அவரை விட்டுவிட்டு அதிகாரிகளை மட்டும் சேர்த்து, சத்தமில்லாமல் உத்தரவு வாங்கிவிடலாம் என்று கணக்குப் போடுகிறவர்கள் உண்டு. அந்த உத்தரவு மறுசீராய்வில் போய்விடும். அவரைக் கேட்காமல் அவர் சுவரை இடிக்க எந்த நீதிமன்றமும் விரும்பாது.

கோரிக்கை எழுதும் விதத்தில்தான் பாதி மனுக்கள் சாகின்றன. கற்பனையான ஒரு சர்வே எண்ணை வைத்துப் பார்க்கலாம். தவறான கோரிக்கை இப்படி இருக்கும்: "4-ம் எதிர்மனுதாரரின் பட்டாவை ரத்து செய்து, சர்வே எண் 112/3 பொதுப்பாதை என்று அறிவித்து, அவருடைய சுற்றுச்சுவரை இடிக்க உத்தரவிட வேண்டும்." இதில் உரிமை விளம்புகை, பட்டா ரத்து, இடிப்பு மூன்றும் இருக்கின்றன. முதல் இரண்டையும் கேட்ட உடனே "சிவில் நீதிமன்றத்துக்குப் போங்கள்" என்பார்கள். நிற்கக்கூடிய கோரிக்கை இது: "மனுதாரரின் இன்ன தேதியிட்ட மனுவைப் பரிசீலித்து, வருவாய்ப் பதிவேட்டில் வண்டிப்பாதை என வகைப்படுத்தப்பட்ட சர்வே எண் 112/3-ஐ அளந்து, ஆக்கிரமிப்பு காணப்பட்டால் 4-ம் எதிர்மனுதாரருக்கு உரிய நோட்டீஸ் கொடுத்து, 1905-ம் ஆண்டுச் சட்டப்படி, குறித்த காலத்துக்குள் நடவடிக்கை எடுக்குமாறு 2-ம் எதிர்மனுதாரரான வட்டாட்சியருக்கு உத்தரவிட வேண்டும்." நிலம் யாருடையது என்று நீதிமன்றத்தைத் தீர்மானிக்கச் சொல்லவில்லை, செய்ய வேண்டிய வேலையைச் செய்யச் சொல்கிறீர்கள், அவ்வளவுதான்.

தென் மாவட்டங்கள் மதுரைக் கிளைக்கும் மற்றவை சென்னைக்கும் போகும். பொதுநல மனுக்கள் இரண்டு நீதிபதிகள் அமர்வின் முன் பட்டியலாகும். தனிநபர் ரிட்டுகள் பொதுவாகத் தனி நீதிபதி முன்.

காகிதத்தில் தனிநபர் பெயர், ஆனாலும் பொதுநலம்

பட்டா தனிநபர் பெயரில் இருப்பதாலேயே பொதுநல வழக்கு முடிந்துபோய்விடாத இடங்களும் இருக்கின்றன. அவற்றில் முக்கியமானது அங்கீகரிக்கப்பட்ட மனைப்பிரிவு. லேஅவுட் வரைபடத்தில் பூங்கா என்றும் சாலை என்றும் காட்டிய இடத்தை உள்ளாட்சிக்குத் தானப் பத்திரம் எழுதிக் கொடுக்காமலேயே, பத்து வருடம் கழித்து மனையாகப் பிரித்து விற்றுவிடுவார்கள். வில்லங்கச் சான்றில் அழகாகத் தனியார் பெயர் வரும். இங்கே ஆதாரம் பத்திரம் அல்ல, ஒப்புதல் எண்ணோடு கூடிய லேஅவுட் வரைபடம். அதன் சான்றிட்ட நகலை சி.எம்.டி.ஏ. (சென்னைப் பெருநகர் வளர்ச்சிக் குழுமம்) அல்லது நகர் ஊரமைப்பு இயக்ககத்திடமிருந்து வாங்குங்கள். பூங்காவாக ஒதுக்கியது மனையாக மாறாமல் காப்பது திட்டக் குழுமத்தின், உள்ளாட்சியின் வேலை. மனைப்பிரிவில் குடியிருக்கும் எல்லோருக்கும் அதில் நலன் இருக்கிறது. நீங்களும் அங்கே குடியிருப்பது இந்த இடத்தில் குறையாகாது.

நீர்நிலையும் அப்படியே. குளத்தை வீட்டுமனையாக ஒதுக்கியது செல்லாது என்று 2001-ல் ஹிஞ்ச்லால் திவாரி வழக்கிலும், ஊர்ப் பொது நிலங்களை மீட்க மாநிலங்கள் திட்டம் வகுக்க வேண்டும் என்று 2011 ஜனவரியில் ஜக்பால் சிங் வழக்கிலும் உச்ச நீதிமன்றம் கூறியது. சென்னை உயர் நீதிமன்றத்தில் 2005-ன் எல். கிருஷ்ணன் வழக்கு நீர்நிலைப் பொதுநல வழக்குகளுக்கு முன்னோடி. ஆனாலும் ஏரிக்குள் ஒருவர் பட்டா வைத்திருந்தால், பட்டாவைத் திரும்பப் பெறும் நடவடிக்கையை முதலில் வருவாய்த் துறை தொடங்க வேண்டும். அதைத் தொடங்கச் சொல்லித்தான் கேட்க முடியும்.

ஒருவர் தன் பட்டா நிலத்தில் அனுமதி மீறிக் கட்டுவதை நான் பொதுநலத்தில் சேர்க்கத் தயங்குவேன். பக்கவாட்டு இடைவெளி விடாததால் உங்கள் சன்னல் இருண்டுபோனது என்றால் அது உங்கள் தனிக் குறை, உங்கள் பெயரில் ரிட் போதும். தீயணைப்பு வண்டி நுழைய வழியில்லாமல் கட்டிய நான்கு மாடி வணிக வளாகம் என்றால் கதை வேறு.

பதில் "சிவில்" என்று வந்தால்

எதைக் கேட்பது என்பதைச் சூழ்நிலை தீர்மானிக்கிறது. சுவாதீனம் உங்களிடம், உரிமையில் சிக்கலில்லை, தொந்தரவு மட்டும் என்றால் நிரந்தரத் தடை உத்தரவு கேட்டு வழக்குப் போதும். உரிமையையே எதிராளி மறுத்து, அதற்கு ஏதாவது பத்திர ஆதாரமும் காட்டினால் விளம்புகையும் சேர்த்துக் கேட்க வேண்டும். 2008-ன் அனதுலா சுதாகர் தீர்ப்பு இந்தப் பாகுபாட்டை விரிவாகச் சொல்கிறது. விளம்புகையும் தடை உத்தரவும் என்றால் சந்தை மதிப்பில் பாதியின் மேல் 3 சதவீதம்: முன்பு சொன்ன 20 லட்ச மனைக்கு 30,000 ரூபாய். வேலித் தகராறுக்கு உண்மையான மருந்து, உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 26-வது கட்டளை 9-வது விதியின் கீழ் நியமிக்கப்படும் வழக்கறிஞர் ஆணையர். நில அளவரோடு வந்து புலப்படப்படி அளந்து அவர் தரும் அறிக்கையும் வரைபடமும் இல்லாமல் "இரண்டடி" என்பது வெறும் பேச்சு.

காலவரம்புகளைச் சுவரில் எழுதி வைக்கலாம். சட்ட வழியில்லாமல் வெளியேற்றப்பட்டவர், "குறித்த தீர்வுச் சட்டம்" (Specific Relief Act) 6-வது பிரிவில் சுவாதீனத்தை மீட்க 6 மாதம், இதில் உரிமையை நிரூபிக்கவே வேண்டாம், ஆனால் அரசுக்கு எதிராகப் போட முடியாது. விளம்புகைக்கு 3 ஆண்டு. பத்திரத்தை ரத்து செய்யக் கேட்க, விவரம் தெரிந்ததிலிருந்து 3 ஆண்டு. உரிமை அடிப்படையில் சுவாதீனம் கேட்க 12 ஆண்டு. பொதுநல வழக்கு ஒரு வருடம் நிலுவையில் கிடந்தால் அந்த ஆறு மாத வாய்ப்பு போய்விட்டது. அதிகாரமில்லாத நீதிமன்றத்தில் நல்லெண்ணத்தோடு வழக்கு நடத்திய காலத்தைக் கழிக்கக் காலவரம்புச் சட்டத்தின் 14-வது பிரிவு இடம் தருகிறது. "உள்நோக்கம் கொண்ட மனு" என்று தீர்ப்பில் எழுதப்பட்டுத் தள்ளுபடியான பிறகு நல்லெண்ணம் என்று எப்படி வாதாடுவது?

அரசையும் பிரதிவாதியாகச் சேர்த்தால் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 80-வது பிரிவின்படி இரண்டு மாத நோட்டீஸ் வேண்டும். அவசரம் என்றால் நீதிமன்ற அனுமதியோடு நோட்டீஸ் இல்லாமல் போடலாம். ஊரே பாதிக்கப்பட்ட பாதைக்கு, அதே சட்டத்தின் 91-வது பிரிவில் இருவர் அல்லது அதற்கு மேற்பட்டவர் நீதிமன்ற அனுமதியோடு பொதுத்தொல்லை வழக்கும் போடலாம். பொதுவழியை மறித்த உடனடித் தடையை நீக்க, பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 152-வது பிரிவில் கோட்டாட்சியரிடம் மனு செய்யலாம். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 133-வது பிரிவுதான் இது. ஐகோர்ட்டைவிடச் சீக்கிரம் பலன் தரும் வழி, ஆனால் அது பொதுவழி என்பதற்குப் பதிவேடு வேண்டும்.

ஏற்கெனவே போட்டுவிட்டீர்கள் என்றால்

அமர்வின் கேள்விகளிலேயே காற்று எந்தப் பக்கம் அடிக்கிறது என்று தெரிந்துவிடும். "இது தனிநபர் தகராறு" என்று சொல்லத் தொடங்கியவுடன், வாதத்தை நீட்டாமல், சிவில் நீதிமன்றத்தை அணுகும் சுதந்திரத்தோடு மனுவைத் திரும்பப் பெற அனுமதி கேளுங்கள். அந்தச் சுதந்திரம் உத்தரவில் எழுத்தாக இருக்க வேண்டும். அனுமதி இல்லாமல் திரும்பப் பெற்றால் அதே காரணத்துக்கு மறுபடி ரிட் போட முடியாது என்பது 1986-லிருந்து இருக்கும் சட்டம். சிவில் வழக்கை அது தடுக்காது என்றாலும், உத்தரவில் ஒரு வரி இருந்தால் எதிராளி முன்சீப் கோர்ட்டில் ஆட்சேபிக்க இடமிருக்காது. இன்னொன்றையும் யோசியுங்கள். அரைகுறை ஆவணத்தோடு ஓர் ஏரிக்காக நல்லெண்ணத்தில் போட்ட பொதுநல வழக்கு, விசாரித்துத் தள்ளுபடி செய்யப்பட்டால், அந்த முடிவு பின்னால் முழு ஆவணத்தோடு வரும் ஊர்க்காரர்களையும் கட்டுப்படுத்தக்கூடும்.

உங்கள் மேல் போட்டிருக்கிறார்கள் என்றால்

உங்களைச் சேர்க்காமல் போட்டிருந்தால் உடனே உங்களையும் எதிர்மனுதாரராகச் சேர்க்கக் கோரி மனு போடுங்கள். பதில் பிரமாணப் பத்திரத்தில் ஆவேசத்தைவிட மூன்று இணைப்புகள் வேலை செய்யும்: பத்திரத் தொடர்ச்சி, அ-பதிவேட்டு நகல், மனுதாரரின் நிலத்தையும் உங்கள் நிலத்தையும் சேர்த்துக் காட்டும் புலப்படம். மனுதாரரோடு நிலுவையிலுள்ள வழக்குகளின் எண்களை வரிசையாகக் கொடுங்கள். வருவாய்த் துறை அளக்க வந்தால் தடுக்காதீர்கள். அளவீட்டின்போது இருந்து, அறிக்கையின் நகலைக் கேட்டு வாங்குங்கள். தவறாக அளந்தால் ஆட்சேபத்தை அன்றே எழுத்தில் கொடுங்கள். உத்தரவு உங்களுக்கு எதிராக வந்தாலும், 1905-ம் ஆண்டுச் சட்டத்தின் 7-வது பிரிவு நோட்டீஸுக்குப் பதில் சொல்லும் உரிமையும் 10-வது பிரிவு மேல்முறையீடும் உங்கள் கையில் இருக்கின்றன.